ஊசி நின்ன இடம்

ஜனவரி 9

அன்பான பாப்பாவுக்கு,

அண்ணன் எழுதுறது. இங்க எல்லாரும் சுகமா இருக்கோம். உன் சுகத்தைப் பத்தி எழுது. போன கடுதாசியில இருமல்னு எழுதியிருந்தியே, அது போச்சா, இல்ல உன்கூடவே குடித்தனம் பண்ணுதா?

போன்ல பேசலாமேன்னு கேப்ப. போன்ல எனக்குக் கதை வராது. நான் வாசப்படியத் தாண்டி உள்ள நுழையறதுக்குள்ள நீ "சரிண்ணா, வேற?"ன்னுடற. கடுதாசின்னா பாதியில நிறுத்த முடியாது பாரு. மழைக்குக்கூட பள்ளிக்கூடத்துப் பக்கம் ஒதுங்காத பயன்னு மாமா என்னைத் திட்டுவாரே, ரேடியோ பெட்டி மேல இருந்த எழுத்த வச்சே எழுதக் கத்துக்கிட்டவன் நான். என் எழுத்து கோணலாத்தான் இருக்கும், பொறுத்துக்க.

மாமா விழுந்த கதைய உனக்கு முழுசா சொல்லல. மொட்டை மாடியில ஏரியல் கம்பி தொங்குதுன்னு ஸ்டூல் போட்டு ஏறியிருக்காரு. அந்தக் கம்பியில ரேடியோவே இல்ல பாப்பா. பக்கத்து வீட்டுக்காரன் துணி காயப் போடறான். அவன் சட்டைய காப்பாத்தப் போயி இவரு இடுப்பு போச்சு. இந்த வயசுல எலும்பு சேராதுன்னு டாக்டர் சொல்லிட்டாரு. கட்டில்தான். குளிப்பாட்டுறது, ஊட்டுறது, துணி மாத்துறது எல்லாம் உன் அண்ணிதான். நமக்கு அம்மா அப்பா இல்லாமப் போனப்ப மாமா நமக்குப் பண்ணினத இப்ப அவ அவருக்குப் பண்றா.

நீ உளவாளிங்களப் பத்தி எழுதி அனுப்பின புஸ்தகம் வந்துச்சு. சாயங்காலம் சாயங்காலம் அண்ணி சத்தமா படிப்பா. உன் கையெழுத்து எனக்குப் பிடிபடாதுன்னு உன் கடுதாசியையும் அவதானே படிக்கிறா, அதே மாதிரி. மாமா கட்டில்ல, நான் கீழ, முடிவெட்டுறவர் கடைய பூட்டிட்டு வந்து கதவுகிட்ட. ரெண்டு நாட்டுக்கும் ஒரே சமயத்துல உளவு பார்த்த ஒருத்தன் வரானே, அந்த இடத்துல முடிவெட்டுறவர் "இவனுக்கு ரெண்டு சம்பளமா?"ன்னு கேட்டாரு. அதுக்கு மேல அன்னிக்குப் படிக்க முடியல, அவ்ளோ சிரிப்பு.

கடைசிப் பக்கம் படிச்சு முடிச்சதும் அண்ணி புஸ்தகத்த மூடி மடியில வச்சுக்கிட்டா. அப்புறம் சொன்னா, "பாப்பா யாரு யாரு வீட்டு உளவெல்லாமோ தோண்டி எடுக்கறா. எங்கப்பாவ யாரு காட்டிக் கொடுத்தாங்கன்னு அவளால கண்டுபிடிக்க முடியாதா?"

கேட்டு எழுதறேன்னு சொன்னேன். மாமா கண்ண மூடியிருந்தாரு, தூங்கிட்டாரு போல.

முடிஞ்சா பாரு. முடியலன்னாலும் ஒரு வரி எழுது. அவ வாய் திறந்து எதையும் கேக்கறவ இல்ல.

உன் நலம் விரும்பும்
அண்ணன்


ஜனவரி 27

அன்புள்ள அண்ணாவுக்கும் அண்ணிக்கும் மாமாவுக்கும்,

நான் சுகம். இருமல் குடித்தனத்தைக் காலி பண்ணிடுச்சு. மாமாவுக்கு முதுகுல புண்ணு வராம அடிக்கடி திருப்பிப் படுக்க வைங்க அண்ணி.

அண்ணி, நீங்க கேட்டீங்க, நான் தேடறேன். ஆனா முன்னாடியே ஒண்ணு சொல்லிடறேன். இந்த உளவு விஷயத்துல பொய் சொல்லாத ஆளே கிடையாது. காட்டிக் கொடுத்தவனும் பொய் சொல்லுவான், அவனை வேலைக்கு வச்சவனும் பொய் சொல்லுவான். அதனால எனக்கு ஒரு கட்டுப்பாடு உண்டு. ஒருத்தர் ஒரு பேரைச் சொன்னா நான் அதை நம்பறதில்ல. ஒருத்தரை ஒருத்தர் தெரியாத ரெண்டு பேர், தனித்தனியா, ஒரே விஷயத்தைச் சொன்னாத்தான் எனக்கு அது உண்மை. இல்லன்னா ஒரு ஆளோட பேர் என் வாயிலேர்ந்து வராது. இத்தனை வருஷத்துல இதை நான் மீறினதில்ல.

அவரைப் பத்தி உங்களுக்கு ஞாபகம் இருக்கறது, ஊர் பேசினது எல்லாத்தையும் எழுதுங்க. அண்ணா, நீ அப்ப மாமாவோட ரேடியோ ரிப்பேர் கடையில இருந்தவன். உனக்குத் தெரிஞ்சதையும் எழுது. நீ வளவளன்னு எழுதறதுதான் எனக்கு வேணும், சுருக்காத.

அன்புடன்
பாப்பா


பிப்ரவரி 12

அன்பான பாப்பா,

சுகம், சுகத்துக்கு எழுது. வளவளன்னு எழுதச் சொல்லிட்ட, இனி உன் பாடு.

அண்ணியோட அப்பா அச்சுக்கூடத்துல எழுத்துக் கோக்கறவர்னு உனக்குத் தெரியும். நீ அப்ப கைக்குழந்தை, ஆளைப் பார்த்திருக்க மாட்ட. நெட்டையா இருப்பாரு, விரலெல்லாம் கருப்பு, எந்த சோப்புக்கும் போகாது. ஈய எழுத்த திருப்பித் திருப்பிப் பார்த்தே பழகினவர் இல்லையா, தெருவுல நடந்தா கடைப் பலகையெல்லாம் பின்னாடியிருந்து முன்னாடி படிப்பாரு. டாக்டர் பேரை அப்படித் திருப்பிப் படிச்சு அது வேற மாதிரி ஒலிக்க, டாக்டர் அவருக்கு ரெண்டு மாசம் மருந்து கொடுக்கல. அது தனிக் கதை.

பிடிச்சிட்டுப் போனது பகல்ல. சாப்பிட்டுக்கிட்டு இருந்திருக்காரு. ரெண்டு பேர் வந்தாங்க, நல்ல சட்டை, மரியாதையான பேச்சு. இவரு "கை கழுவிட்டு வரேன்"னாராம். அவங்க "வந்து கழுவிக்கலாம் வாங்க"ன்னாங்களாம். அவ்வளவுதான். அண்ணி அப்ப அவர் பக்கத்துல உக்காந்து அவர் தட்டுலேர்ந்து எடுத்துத் தின்னுக்கிட்டு இருந்தா. அந்தத் தட்டை அவங்கம்மா ரொம்ப நாள் கழுவவே இல்லையாம்.

வெளிநாட்டுக்காரனுக்கு உளவு சொன்னாருன்னு பேசினாங்க. பேசினதும் தெரு எப்படின்னு உனக்குத் தெரியாதா? நேத்து வரைக்கும் சக்கரை கடன் வாங்கினவங்க அந்த வீட்டுப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கிட்டாங்க. மாமா ஒருத்தர்தான் போனாரு. கூரை ஒழுகினா அடைப்பாரு, விளக்கு எரியலன்னா சரி பண்ணுவாரு, அண்ணிய பள்ளிக்கூடத்துல சேர்த்ததே அவர்தான். பேர் கெட்டுப்போன வீட்டுல யாரு பொண்ணெடுப்பா? "நான் எடுக்கறேன், என் பையனுக்கு"ன்னு போய் நின்னாரு. எனக்கு அப்ப எதிர்வீட்டு ஜன்னல் மேல ஒரு கண்ணு இருந்துச்சு, அதை விடு. மாமா சொன்னா சொன்னதுதான். ஒரு நாள்கூட நான் அதுக்கு வருத்தப்பட்டதில்ல.

அண்ணிக்கு அவங்கப்பாகிட்டேர்ந்து மிச்சம் இருக்கறது ஒரு போட்டோவும் பத்து வார்த்தையும். ஏதோ ஒரு பாஷையில ஒண்ணுலேர்ந்து பத்து வரைக்கும் எண்ணுவா. மடியில வச்சு அவரு சொல்லிக் கொடுத்தாராம். என்ன பாஷைன்னு அவளுக்கும் தெரியாது. மாமாவைத் தூக்கி உக்கார வைக்கும்போது மூச்சு பிடிக்க அதைத்தான் எண்ணிக்கிட்டு தூக்கறா. முடிவெட்டுறவர் அது ஏதோ மந்திரம்னு நினைச்சுக்கிட்டிருக்காரு.

அந்த பத்தையும் அவளே தனித்தாள்ல எழுதி இதோட வச்சிருக்கா.

அண்ணன்


மார்ச் 20

அன்புள்ள அண்ணா, அண்ணி, மாமா,

பதில் தாமதமாயிடுச்சு, மன்னிச்சிடுங்க. உடம்புக்கு ஒண்ணும் இல்ல. ஒரு ஆளைத் தேடிப் போயிருந்தேன்.

அந்தக் காலத்துல நம்ம ஊர்ப் பக்கத்தைக் கவனிச்ச உளவு அதிகாரி இன்னும் உயிரோட இருக்கார். முதியோர் இல்லத்துல இருக்கார். ஆப்பிளை ரொம்ப மெல்லிசா நறுக்கி, தட்டுல வரிசையா அடுக்கி வச்சுத்தான் பேச ஆரம்பிச்சார். சத்தமா கேட்டா கோபம் வருது, மெதுவா கேட்டா காது கேக்கல.

அண்ணி, முதல்ல நல்ல சேதி. உங்க அப்பா யாருக்கும் உளவாளி இல்ல. நான் சொல்லல, அவரே சொன்னார். அது அவங்களுக்குக் கொஞ்ச நாள்லயே தெரிஞ்சிடுச்சாம். அதுக்குள்ள அவர் சிறையில காய்ச்சல்ல போயிட்டார். தப்பாப் பிடிச்சிட்டோம்னு எழுத எந்த அதிகாரிக்கும் மனசு வரல, அதனால மூடி வச்சிட்டாங்க.

அந்தக் காலத்துல சில வெளிநாட்டு ரேடியோ ஸ்டேஷன்ல ஒரு பொம்பளை வெறும் எண்களா படிச்சிக்கிட்டே இருப்பா. பாட்டு கிடையாது, செய்தி கிடையாது. எங்கேயோ இருக்கற உளவாளிகளுக்கான சேதி அது. உங்க அப்பா அதைக் கேக்கறார்னு யாரோ சொல்லியிருக்காங்க. கேட்டது உண்மைதான். ஏன் கேட்டார்னு யாரும் விசாரிக்கல. நான் விசாரிச்சேன். அவர் அச்சுக்கூடத்துக்கு ஒரு வெளிநாட்டுக் கப்பல் கம்பெனியோட கால அட்டவணை அடிக்க வந்திருக்கு. பக்கம் பக்கமா எண்கள். அந்த எண்களை வாயால எப்படிச் சொல்லுவாங்கன்னு தெரிஞ்சுக்க ஆசைப்பட்டிருக்கார். நீங்க எழுதி அனுப்பின பத்தும் அந்த பாஷைதான். உங்க உச்சரிப்பு அந்த ஸ்டேஷன் பொம்பளையோட உச்சரிப்பா இருக்கும்.

அண்ணா, புத்தகத்துக்காக வேற ஒண்ணு கேக்கறேன். அந்தக் காலத்துல ரிப்பேருக்கு ஒரு ரேடியோ வந்தா கடையில என்னென்ன செய்வீங்க? மத்த கடைகள்லயும் அப்படித்தானா? நிதானமா எழுது.

அன்புடன்
பாப்பா


மார்ச் 31

அன்பான பாப்பா,

நீ நல்லா இருப்ப. நாங்க சுகம், ஆனா வீடு வழக்கம்போல இல்ல.

அண்ணி உன் கடுதாசிய பாதி வரைக்கும் படிச்சுட்டு அப்படியே நீட்டினா. முடிவெட்டுறவர் வாங்கி மிச்சத்தைப் படிச்சாரு. அழுதா, நடுவுல சிரிச்சா, மறுபடி அழுதா. மறுநாள் பரண்ல இருந்த அப்பா போட்டோவ எடுத்து துடைச்சு கூடத்துல மாட்டினா. நடுச் சுவர்ல, மாமா கட்டிலுக்கு நேர் எதிர்ல. தெருவுல போறவனையெல்லாம் கூப்பிட்டு "எங்கப்பா உளவாளி இல்லையாம், அதிகாரியே சொல்லிட்டாராம்"ங்கறா. காய் விக்கறவனுக்கு அவங்கப்பா யாருன்னே தெரியாது, பாவம், அவனும் தலைய ஆட்டிட்டுப் போறான்.

மாமாவுக்கு அந்த சுவர்ப் பக்கம் காத்து வரலையாம். கட்டில திருப்பிப் போடச் சொன்னாரு. போட்டேன்.

இப்ப நீ கேட்டதுக்கு வரேன். கடையைப் பத்திக் கேட்டியே, யாரும் எங்கிட்ட அதைக் கேட்டதே இல்ல. நம்ம ஊர்ல அப்ப மூணு கடை. மத்த ரெண்டுலயும் பெட்டி வந்ததும் முதல் வேலையா குமிழைத் திருகுவான். கர்ருன்னு இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் இழுத்துப் பார்ப்பான். மாமா தொடவே விடமாட்டாரு. பெட்டியக் கொண்டாந்து வச்சா, கண்ணாடிய மாட்டிக்கிட்டு, ஸ்டேஷன் காட்டுற ஊசி எந்த எண்ணுல நிக்குதுன்னு குனிஞ்சு பார்ப்பாரு. பார்த்து மனசுல வச்சுப்பாரு. அப்புறம்தான் திருகாணியே கழட்டுவாரு. வேலை முடிஞ்சு திருப்பிக் கொடுக்கும்போது ஊசி பழைய இடத்துலயே நிக்கும், மயிரிழை தப்பாது. வீட்டுக்குப் போய் போட்டா அவங்கவங்க ஸ்டேஷன் அதுவாவே பாடும். சனங்க அதுக்காகவே நம்ம கடைக்கு வந்தாங்க. ஒரு அம்மா, ரேடியோவுக்கு மாமாவைத் தெரியும்னே சொல்லுவாங்க.

எழுத்துக் கோக்கறவர் பெட்டி எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு. ஊசி ஒரு ஓரமா, யாரும் போகாத எண்ணுல கிடக்கும். போட்டா பொம்பளைக் குரல், என்னமோ படிக்கும். நான் "இது என்ன பைத்தியம்"னேன். மாமா "அவனவன் விருப்பம், நீ உன் வேலையப் பாரு"ன்னாரு. அந்த இடத்துலயே ஊசிய வச்சுத்தான் கொடுத்தாரு. நீ எழுதினதப் பார்த்தா அதுதான் உன் எண்ணு படிக்கிற ஸ்டேஷன் போல.

மாமாவோட இந்தத் தொழில் நேர்த்திய உன் புஸ்தகத்துல எழுது. அவரு இருக்கும்போதே எழுது.

நீ கேட்ட அந்த வரிய மாமா மறுபடி படிக்கச் சொன்னாரு. அண்ணி படிச்சா. "ஏன் கேக்கறா?"ன்னாரு. "புஸ்தகத்துக்காம் மாமா"ன்னா. ரேடியோவ நிறுத்தச் சொன்னாரு. அது ஓடவே இல்ல பாப்பா. வயசாயிடுச்சு.

அண்ணி எழுதச் சொன்னது: "எங்கப்பா மேல சொன்னது யாருன்னு மட்டும் தெரியணும். அவன் உயிரோட இல்லன்னாலும் பரவாயில்ல. அவன் வீட்டு வாசல்ல போயாவது நின்னுட்டு வருவேன்."

அண்ணன்


மே 2

பாப்பாவுக்கு,

சுகமா இருக்கியா? போட்ட கடுதாசி வந்துச்சா வரலையா தெரியல. தபால்காரனை தினம் கேக்கறேன், "உங்க தங்கச்சி எழுதினா நான் என்ன தின்னுடப் போறேனா?"ன்னு கோச்சுக்கிட்டான்.

இங்க ஒரு விசித்திரம். மாமா அண்ணி கையால எதுவும் வாங்க மாட்டேங்கறாரு. கஞ்சி கொண்டு போனா வாய மூடிக்கறாரு. நான் கொடுத்தா குடிக்கறாரு. குளிப்பாட்ட வந்தா "நீ போம்மா, அவன் வரட்டும்"ங்கறாரு. நான் கடையில இருந்தா சாயங்காலம் வரைக்கும் பட்டினி, ஈரத் துணியோட கிடக்கறாரு. அவ அடுப்படியில நின்னுக்கிட்டு "நான் என்ன விஷமா வச்சிருக்கேன், என்ன தப்பு பண்ணினேன்னு கேட்டுச் சொல்லுங்க"ன்னு அழறா. கேட்டேன். "அவ ஒரு தப்பும் பண்ணல"ன்னாரு. அதுக்கு மேல பேச்சு இல்ல.

நீ சொன்னா கேப்பாரு. அவருக்குன்னு ரெண்டு வரி எழுது. உடம்பப் பார்த்துக்க.

அண்ணன்


மே 15
(கடை விலாசத்துக்கு)

அண்ணா,

நான் சுகம். இதை வீட்டுக்கு எடுத்துட்டுப் போகாத. அண்ணிகிட்ட கொடுக்காத. எழுத்துக்கூட்டியாவது நீயே படி. இதுக்குத்தான் கடைக்குப் போட்டேன்.

அந்த அதிகாரி மார்ச்லயே எனக்கு இன்னொண்ணும் சொன்னார். வீட்டுல சத்தமா படிப்பாங்கன்னு நான் அப்ப எழுதல. நம்ம ஊர்ல அவருக்கு சேதி சொன்ன ஆள் ஒரு ரேடியோ ரிப்பேர்காரராம். பேர் சொல்லல, மறந்துட்டேன்னார். ஆனா பெருமையா ஒண்ணு சொன்னார். "பெட்டி வந்ததும் ஊசி நிக்கற இடத்தைப் பார்த்துப்பான், அப்படியே வந்து சொல்லுவான், யாரு என்ன கேக்கறான்னு ஊரே எங்க கையில இருந்துச்சு"ன்னார்.

நம்ம ஊர்ல மூணு கடை. மாமாவா இருக்காதுன்னு எனக்கு நிச்சயம். அதைக் காட்டத்தான் உன்கிட்ட கேட்டேன் அண்ணா. மூணு கடையிலயும் அப்படித்தான்னு நீ எழுதியிருந்தா நான் அந்தாள் சொன்னதை அத்தோட விட்டிருப்பேன். மாமா ஒருத்தர்தான்னு நீ எழுதிட்ட. அந்தப் பெட்டியோட ஊசி எங்க நின்னுச்சுன்னும் எழுதிட்ட.

நீதான் எனக்கு ரெண்டாவது ஆள்.

உன் கடிதத்தை வச்சுக்கிட்டு ஒரு மாசத்துக்கு மேல ஒண்ணும் எழுதல. எனக்கு எழுத்து சொல்லிக் கொடுத்தவர் அவர். என்னைத் தோள்ல தூக்கிட்டுப் போய் பரீட்சை எழுத வச்சவர். புத்தகத்துல அவர் பேர் வராது, அது என் கையில இருக்கு. ஆனா என்கிட்ட கேட்டது அண்ணி. அவங்க கேட்டு நான் தேடிக் கண்டுபிடிச்சது. அவங்களுக்கு என்ன பதில் சொல்றதுன்னு நீ சொல்லு.

பாப்பா


ஜூன் 6

பாப்பா,

சுகம்.

உன் கடுதாசிய படிக்க எனக்கு ஒரு பகல் ஆச்சு. ஒவ்வொரு எழுத்தா கூட்டினேன். ரிப்பேருக்குக் கொடுத்த டிவிய வாங்க வந்தவன் "என்ன அண்ணே, கோர்ட்டு நோட்டீசா?"ன்னான். ஈயம் பத்தவைக்கற சூட்டுக்கோலாலயே அதைக் கொளுத்திட்டேன். கொளுத்தினா போயிடுமா?

உன் புஸ்தகத்துல ஒருத்தன் வருவானே, டீக்கடையில பக்கத்துல உக்காந்து, ஊரு எப்படி, பொழப்பு எப்படின்னு கேட்டே ஆளோட வயித்துல இருக்கறதையெல்லாம் கறந்துடுவான். அண்ணி அதைப் படிச்சப்ப நான் "கேட்டவனுக்கு இல்ல, சொன்னவனுக்கு எங்க போச்சு புத்தி"ன்னு சிரிச்சேன். இப்ப சிரிப்பு என் பக்கம் திரும்பிடுச்சு. புஸ்தகத்துக்குன்னு கேட்ட, மாமா பெருமைய எழுதறோம்னு நான் பக்கம் பக்கமா எழுதினேன். உனக்குக் கோபம் வரும்னாலும் சொல்றேன், அந்த நல்ல சட்டைக்காரனுங்ககூட இவ்ளோ சுலபமா யார்கிட்டேர்ந்தும் வாங்கியிருக்க மாட்டாங்க.

மாமாகிட்ட கேட்டேன். அண்ணி தண்ணி பிடிக்கப் போயிருந்தா, நான் அவருக்கு முகம் மழிச்சு விட்டுக்கிட்டு இருந்தேன். கத்திய கீழ வச்சுட்டுத்தான் கேட்டேன். பாதி முகத்துல சோப்பு நுரையோட, கூரையப் பார்த்துக்கிட்டே பேசினாரு. "கடைய மூடிடுவோம்னாங்க. நீ மீசை முளைக்காத பய, அது கைக்குழந்தை. ஊசி எங்க நின்னுச்சோ அதைத்தான் சொன்னேன். நான் பொய் சொல்லல"ன்னாரு. அப்புறம், "உண்மையச் சொன்னா ஒருத்தன் செத்துப்போவான்னு எனக்குத் தெரியாது"ன்னாரு. மிச்ச பாதி முகத்தை எப்படி மழிச்சேன்னு தெரியல.

அவரைத் திட்ட எனக்கு வாய் வரல. அண்ணி முகத்தைப் பார்க்கவும் முடியல. அவ தங்கமா தாங்கினதெல்லாம் யாரைன்னு தெரிஞ்சா என்ன ஆவா? இந்த வீட்டை விட்டுப் போனாலும் நான் தப்புன்னு சொல்ல முடியாது. போகாம இருந்தா அதைவிடக் கஷ்டம். அவ கையில்லன்னா அவரு நாலு நாள் தாங்க மாட்டாரு. எனக்கும் அப்படித்தான்னு வச்சுக்க.

அதனால உன்கிட்ட கெஞ்சிக் கேக்கறேன். வீட்டு விலாசத்துக்கு ஒரு கடுதாசி போடு. தேடினேன், ஒண்ணும் கிடைக்கலன்னு எழுது. நீ பொய் எழுதறவ இல்லன்னு தெரியும். அண்ணனுக்காக ஒரு தடவ எழுது. அவரு போற வரைக்கும்.

அண்ணன்


ஜூலை 11

அன்புள்ள அண்ணா, அண்ணி, மாமா,

நான் சுகம். அங்க எல்லாரும் சுகமா?

அண்ணி, நீங்க கேட்டது பத்தித் தேடினேன். அந்த அதிகாரிக்கு ஞாபகம் இல்ல. வேற யாரும் உயிரோட இல்ல. யார் சொன்னாங்கன்னு தெரிஞ்சுக்க வழியில்ல. ஒண்ணும் கிடைக்கல.

மாமா, அண்ணி கொடுக்கறத வாங்கிச் சாப்பிடுங்க. உடம்பப் பார்த்துக்கோங்க.

பாப்பா


ஆகஸ்ட் 3

அன்பான பாப்பாவுக்கு,

அண்ணி எழுதறேன். நாங்க சுகம்னு முதல்ல எழுதணும், எழுதிட்டேன். நீ சுகமா?

இத்தனை வருஷமா உன் கடுதாசிய படிக்கறது நான், ஆனா உனக்குன்னு நான் தனியா எழுதினதில்ல. உங்கண்ணனுக்குத் தெரியாம எழுதறேன். முடிவெட்டுறவர் தபால்பெட்டியில போடறேன்னாரு. என்னன்னு கேக்கல.

போன மாசம் உன் கடுதாசி வந்துச்சு. நீ அவ்ளோ சின்னதா எழுதி நான் பார்த்ததே இல்ல. சாயங்காலம் வழக்கம்போல கூடத்துல உக்காந்து படிச்சேன். நான் ஒரு வரி படிச்சா ஒரு தடவ தலைய தூக்கி கேக்கறவங்க முகத்தைப் பார்ப்பேன், அது எனக்குப் பழக்கம். யாருக்கு எந்த இடத்துல சிரிப்பு வருது, யாரு தூங்கிட்டாங்கன்னு தெரியணுமில்ல. "ஒண்ணும் கிடைக்கல"ன்னு படிச்சேன். தூக்கினேன்.

உங்கண்ணன் என்னைப் பார்த்திருக்கணும் பாப்பா. கேட்டது நான். கிடைக்காமப் போனது எனக்கு. ஐயோ பாவம்னு அவர் என்னைத்தான் பார்த்திருக்கணும். அவர் மாமாவைப் பார்த்தாரு. மாமா கழுத்தைத் திருப்ப முடியாம திருப்பி, இத்தனை மாசத்துல முதல் தடவையா, எங்கப்பா போட்டோவைப் பார்த்தாரு.

அப்புறம் ஒவ்வொண்ணா வந்து விழுந்துச்சு. கட்டில ஏன் திருப்பச் சொன்னாரு, என் கையால ஏன் வாங்கல, நீ ஏன் கடையைப் பத்திக் கேட்ட, கடைக்கு வந்த உன் கடுதாசியப் பத்தி உங்கண்ணன் ஏன் மூச்சு விடல. தபால்காரன் சொல்லித்தான் அப்படி ஒண்ணு வந்ததே எனக்குத் தெரியும்.

நான் மடிச்சு வச்சுட்டு எழுந்து போய் கஞ்சி கொண்டாந்தேன். அன்னிக்கு வாய திறந்தாரு. எல்லாம் முடிஞ்சுதுன்னு நிம்மதி அவருக்கு. ஸ்பூன் என் கையில இருந்துச்சு. நான் எண்ணிக்கிட்டே நின்னேன், எங்கப்பா எண்ணு. அவரு பச்சைக் குழந்தை மாதிரி வாய திறந்துக்கிட்டே இருந்தாரு. கொடுத்தேன். ஏன் கொடுத்தேன்னு கேக்காத, எனக்கே தெரியல. நாளைக்கும் கொடுப்பேனான்னும் தெரியல. தினம் காலையில எழுந்து பார்த்துத்தான் தெரிஞ்சுக்கறேன்.

உன்மேல எனக்குக் கோபம் இல்ல. எனக்காகத் தேடின, உங்கண்ணனுக்காக மறைச்ச. ரெண்டையும் நீயேதான் பண்ணியாகணும்னு ஆயிடுச்சு.

எனக்குத் தெரியும்ங்கறது உங்கண்ணனுக்குத் தெரிய வேணாம். அவருக்கு மனசுல ஒண்ண வச்சுக்கிட்டு முகத்த வேற மாதிரி வச்சுக்கத் தெரியாது. எனக்கு வருது. இத்தனை நாளா வருது. வழக்கம்போல நீளமா எழுது, சிரிக்கிற மாதிரி ஏதாவது எழுது, முடிவெட்டுறவர் உன் கடுதாசிக்காக காத்துக்கிட்டிருக்காரு.

ஒண்ணே ஒண்ணு செய். அந்த அதிகாரிகிட்ட மறுபடி போ. எங்கப்பாவ எந்த இடத்துல கொண்டு போய் புதைச்சாங்க, அங்க இப்ப என்ன இருக்குன்னு கேட்டு எழுது. அதைக் கடைக்குப் போடாத. வீட்டு விலாசத்துக்கே போடு. நான் சத்தமா படிக்கிறேன்.

உடம்பப் பார்த்துக்க.

அண்ணி